சீன வரலாற்றுத் தொடர்களில் ஒளிப்பதிவு: தவிர்க்க வேண்டிய தவறுகள்

சீனாவின் பெரிய படப்பிடிப்பு நகரமான ஹெங்டியனுக்கு, பி யூனிட் (முதன்மைக் குழுவான ஏ யூனிட்டுக்குத் துணையாக எடுக்கும் இரண்டாம் குழு) வேலைக்கு வரும் இளம் ஒளிப்பதிவாளர்களைக் கவனித்துக்கொண்டிருக்கிறேன். ஃபோகஸ், எக்ஸ்போஷரெல்லாம் கச்சிதம். இடறுவது வேறு இடத்தில். எங்கள் தலைமுறையும் அங்கேதான் இடறியது.

ஜன்னல் தாளை உரிப்பது

அரண்மனைக் கூடத்துக்குள் வெயில் கற்றை கற்றையாக இறங்க வேண்டும் என்று எல்லோருக்கும் ஆசை. வெளியே பகல் வெளிச்சம் போல ஒளிரும் பெரிய எச்எம்ஐ லைட், உள்ளே புகை. ஆனால் சீன மரச்சட்ட ஜன்னலில் ஒட்டியிருப்பது தாள். சீனாவின் கடைசி அரச வம்சமான சிங் காலத்தில்தான் அரண்மனையின் சில அறைகளுக்குக் கண்ணாடி வந்தது. தாளில் படும் வெயில் கற்றையாக நுழையாது. ஜன்னல் முழுவதும் மென்மையாக ஒளிரும். கூரை விளிம்பும் வெகுவாக நீண்டிருப்பதால் உச்சி வெயில் ஜன்னலைத் தொடாது. முற்றத்துக் கல்தரையில் பட்டுத் தெறிக்கும் வெளிச்சம் கீழிருந்து ஏறி, தாள் வழியே கசிந்து வரும். முகத்துக்கு இதைவிட அழகான ஒளி கிடையாது!

ஒரு தொடரில் ஏ யூனிட் தர்பார் காட்சியின் மாஸ்டர் ஷாட்டை (காட்சி முழுவதையும் காட்டும் ஷாட்) இந்த ஒளியில்தான் எடுத்திருந்தது. மறுநாள் க்ளோசப் எடுக்க வந்த பையன், கற்றை விழவில்லை என்று நாலைந்து ஜன்னல்களில் தாளை உரித்துவிட்டான். மானிட்டரில் பார்த்தவர்கள் பாராட்டவும் செய்தார்கள். எடிட்டில் சேர்த்தபோது அரசர் ஒரு கட்டிடத்திலும் அமைச்சர் வேறொன்றிலும் நிற்பதாகத் தெரிந்தது. கிரேடிங்கில் நிறத்தை ஒப்பேற்றலாம். முகத்தில் விழுந்த ஜன்னல் சட்டத்தின் நிழலை என்ன செய்வது? அதற்குள் செட் இன்னொரு தொடருக்குக் கைமாறிவிட்டது. மறுபடி வாடகை, மறுபடி அத்தனை துணை நடிகர்களுக்கும் உடை, சிகை. மாஸ்டர் ஷாட்டின் ஸ்டில் அவன் கையிலேயே இருந்தது என்பதை நினைத்தால் இன்றும் கோபம் வருகிறது.

ஏ யூனிட்டோடு பொருந்த எடுப்பவரைத்தான் அடுத்த தொடருக்குக் கூப்பிடுவார்கள். முதல் நாளே அவர்களுடைய லைட் வரைபடத்தைக் கேட்டு வாங்குங்கள்.

இரவென்றாலே ஆரஞ்சு

மெழுகுவர்த்தி இருக்கும் பக்கம் மட்டும் போதும்.

துணியைச் சோதிக்காமல் லைட் எடுப்பது

பகலில் ஒரே சிவப்பாகத் தெரியும் இரண்டு பட்டுகள், மட்டமான எல்இடிக்குக் கீழே இரண்டு சிவப்பாகிவிடும். தையல் தொடங்குமுன் கேமரா வழியாகப் பாருங்கள்.

டிரோன்

கூரைக்கு மேலே ஏறினால் இன்றைய ஊர் தெரியும்.

தலையணி

செல்போனுக்கான செங்குத்துக் குறுந்தொடர்களும் இப்போது இங்கே எடுக்கப்படுகின்றன. இருபுறமும் விரியும் சிங் காலத் தலையணி அந்த ஃப்ரேமில் அடங்காது. அடக்கப் பின்னால் போனால் முகம் சிறுத்துவிடும். நடிகையைக் கொஞ்சம் பக்கவாட்டில் திருப்பி உட்காரவைத்து எடுங்கள்.