கரையை உயர்த்தினோம், வரத்துக்காலை மறந்தோம்: உள்ளூர் வளர்ச்சித் திட்டங்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சிவகங்கை மாவட்டத்தில் ஒரு கண்மாய். தூர்வாரி, கரையை உயர்த்தி, மடைக்குப் புதுக் கதவு போட்டு ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. நான் போனபோது கார்த்திகை பாதி கடந்துவிட்டது. உள்வாயில் முழங்கால் அளவு தண்ணீர்கூட இல்லை. இரண்டு கிலோமீட்டர் மேலே இருக்கும் கண்மாயோ தளும்பி நின்றது. ஊரின் நீர்பாய்ச்சி (மடையைத் திறந்து மூடி வயல்களுக்குத் தண்ணீர் விடுகிறவர்), எழுபதைத் தாண்டியவர், ஒரு குச்சியை எடுத்துக் கரை மணலில் ஏழு கண்மாய்களை வரிசையாக வரைந்தார். எந்தக் கலுங்கிலிருந்து, அதாவது நிரம்பிய கண்மாயின் உபரி நீர் வெளியேறும் வாயிலிருந்து, தண்ணீர் எந்த வரத்துக்கால் (அடுத்த கண்மாய்க்குத் தண்ணீர் கொண்டுபோகும் ஓடை) வழியாக எங்கே இறங்கும் என்று ஒவ்வொன்றாகக் கோடு இழுத்தார். அந்தப் படத்தில் ஊராட்சி எல்லை எங்குமே இல்லை.

“மேலக் கண்மாய்க் கலுங்குல பலகை போட்டு அடைச்சிருக்காங்க. வரத்துக்கால் முழுக்க சீமைக்கருவேலம். ரோட்டுக்கு அடியில ஒரே ஒரு குழாய்தான் பதிச்சிருக்காங்க. இதெல்லாம் பக்கத்து ஊராட்சியில இருக்கு தம்பி. அவங்க கூட்டத்துல போய் நாங்க கேக்க முடியுமா?” என்றார்.

உள்ளூர் வளர்ச்சித் திட்டங்களில் நான் அடிக்கடி பார்க்கும் தவறு இதுதான். நிர்வாகம் போட்ட எல்லையையே வாழ்க்கையின் எல்லையாக எடுத்துக்கொள்கிறோம். துறைவாரியாகத் துண்டு போடாமல் ஒரு வட்டாரத்தை அதன் நீர், நிலம், சந்தை, மனிதர்களோடு சேர்த்துப் பார்த்துத் திட்டமிடுவதைத்தான் வட்டார அணுகுமுறை என்கிறார்கள். பேச்சில் எல்லோரும் இதை ஒத்துக்கொள்கிறோம், எஸ்டிமேட் போடும்போது விட்டுவிடுகிறோம்.

தமிழ்நாட்டில் ஏரி, கண்மாய் என்று ஏறத்தாழ 39,000 இருக்கின்றன. பெரும்பாலானவை தனித்தனியாக இல்லை, ஒன்றன் மறுகால் (உபரி நீர்) அடுத்ததன் வரத்து என்று சங்கிலியாகக் கோத்தவை. ஆயக்கட்டு, அதாவது கண்மாயில் பாசனம் பெறும் நிலம், 100 ஏக்கருக்கு மேல் என்றால் பொறுப்பு நீர்வளத் துறை, அதற்குக் குறைவென்றால் ஊராட்சி ஒன்றியம். ஆக, ஒரே சங்கிலியில் ஒரு கண்மாய் ஓர் அலுவலகத்திலும் அடுத்தது வேறோர் அலுவலகத்திலும் இருக்கும். நடுவில் ஓடும் வரத்துக்கால் யாருடைய கோப்பிலும் முழுசாக இருக்காது. ஊர்மக்களே சேர்ந்து நீர்நிலைகளைப் பராமரிக்கும் பழைய முறையான குடிமராமத்தை 2017-ல் மறுபடி தொடங்கியபோதும் வேலை கண்மாய் கண்மாயாகத்தான் பிரிக்கப்பட்டது. கரை பலமாயிற்று என்றாலும், வரத்து அடைபட்ட இடங்களில் பெரிய பலன் இல்லை.

இலங்கையின் உலர்வலயத்தில் இதே மாதிரியான குளத்தொடரை ‘எல்லங்கா’ என்பார்கள். அங்கே குளத்தின் மேல்புறம் ஒரு மரத்தொகுதி, கரைக்குக் கீழே வயலுக்கு முன்பாக உப்பை உறிஞ்ச இன்னொரு மரப்பட்டை, காடு, குடியிருப்பு எல்லாம் சேர்ந்துதான் ஒரு குளம். நம் முன்னோரும் ஏறக்குறைய அப்படித்தான் பார்த்தார்கள். நாம் கரையையும் மடையையும் மட்டும் குளம் என்று எழுதிக்கொள்கிறோம்.

சரி, என்ன செய்யலாம்? புரட்டாசிக்கு முன்பே சங்கிலியின் தலைக் கண்மாயிலிருந்து கடைசிக் கண்மாய் வரை நடந்து பாருங்கள். ஒவ்வோர் ஊர் நீர்பாய்ச்சியையும் கூட்டிக்கொள்ளுங்கள். எங்கே அடைப்பு, எங்கே ஆக்கிரமிப்பு, எந்தச் சாலையின் குழாய் போதாது என்று கிராம வரைபடத்தில் சர்வே எண்ணோடு குறியுங்கள். பிறகு, சம்பந்தப்பட்ட எல்லா ஊராட்சிகளும் தத்தம் கிராம சபையில் ஒரே வாசகத்தில் தீர்மானம் போட்டு மாவட்டத்துக்கு அனுப்பட்டும். அதற்கு அரசியல் சாசனத்திலேயே இடம் இருக்கிறது. 243 இசட்.டி பிரிவு மாவட்டத் திட்டக் குழுவை அமைக்கச் சொல்கிறது. ஊராட்சிகளுக்கும் நகராட்சிகளுக்கும் பொதுவான விஷயங்களை, தண்ணீரைப் பகிர்ந்துகொள்வது உட்பட, அந்தக் குழு கணக்கில் எடுக்க வேண்டும் என்று தெளிவாகவே எழுதியிருக்கிறது. கேட்க ஆள் இல்லாததால்தான் அந்த வரி தூங்குகிறது.

லாபத்தை உள்ளேயும் சேதத்தை வெளியேயும் எழுதுவது

எல்லையை மட்டும் பார்ப்பதில் இன்னொரு ஆபத்து உண்டு. வளர்ச்சியின் வரவு நம் ஊர்க் கணக்கில் ஏறும், செலவு கீழே இருப்பவர் தலையில் விழும். நொய்யலை நினைத்துப் பாருங்கள். வெள்ளியங்கிரி மலையில் பிறந்து கோவை, திருப்பூர், ஈரோடு வழியாக வந்து கரூர் மாவட்டத்தில் காவிரியோடு சேரும் ஆறு. பாசனத்துக்காக 1992-ல் ஒரத்துப்பாளையம் அணை கட்டி முடிக்கப்பட்டது. திருப்பூரின் பின்னலாடை ஏற்றுமதி வேகமாக வளர்ந்த காலம் அது. சாயக்கழிவு ஆற்றில் இறங்கி அணையில் தேங்கியது. எந்த விவசாயிக்காக அணை கட்டப்பட்டதோ, அவரே அதில் தண்ணீர் தேக்காதீர்கள் என்று போராட வேண்டிய நிலை வந்தது. கிணறுகள் உப்பாயின. கடைசியில் 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது. அப்போது வேலை இழந்து நின்றவர்களும் ஏழைகள்தான்.

அங்கே தொழில் வந்ததில் தவறில்லை. எத்தனையோ குடும்பங்களைத் தூக்கிவிட்ட ஊர் அது. நகரத்தையும் ஆற்றின் கீழ்ப்பகுதியையும் ஒரே வட்டாரமாகப் பார்த்து, சொட்டுக் கழிவும் வெளியேறாத சுத்திகரிப்பைத் தொடக்கத்திலேயே கேட்டிருந்தால் இத்தனை நிலம் பாழாகியிருக்காது. உங்கள் ஊருக்கு ஒரு தொழிற்பேட்டை வருகிறதென்றால், முதலில் அதன் கழிவுநீர் போகும் திசையில் உள்ள ஊர்க்காரர்களைக் கூட்டத்துக்குக் கூப்பிடுங்கள்.

பணத்திலிருந்து தொடங்குவது

“எந்தத் திட்டத்தில் நிதி இருக்கிறது?” இப்படிக் கேட்டுத் தொடங்கும் திட்டம் பெரும்பாலும் சிமெண்ட் சாலையிலும் கழிவுநீர்க் கால்வாயிலும் போய் முடியும். அரசியல் சாசனத்தின் பதினோராம் அட்டவணை ஊராட்சிகளுக்கென்று விவசாயம், கால்நடை, மீன்வளம், சிறுதொழில் என 29 துறைகளைச் சொல்கிறது. நம் திட்டப் புத்தகத்தில் அதில் நாலைந்துதான் தலைகாட்டும். கேரளத்தில் 1996-ல் மக்கள் திட்டம் தொடங்கியபோது ஒவ்வோர் ஊராட்சியும் முதலில் தன் வளங்களையும் பிரச்சினைகளையும் பற்றி ஒரு வளர்ச்சி அறிக்கை எழுதியது. திட்டங்களை அதற்குப் பிறகே பேசினார்கள். மாநிலத் திட்ட நிதியில் 35 முதல் 40 சதவீதம் உள்ளாட்சிகளுக்கு என்று முடிவானதும் அப்போதுதான். நமக்கு அவ்வளவு பணம் இல்லை, உண்மை. ஆனால் காலை ஆறு மணிப் பேருந்தில் ஊரிலிருந்து யார் எங்கே வேலைக்குப் போகிறார்கள், பால் எங்கே போகிறது, தீவனம் எங்கிருந்து வருகிறது என்று எழுதிவைக்கப் பணம் தேவையில்லை.

கையெழுத்தைப் பங்கேற்பு என்று நினைப்பது

தமிழ்நாட்டில் இப்போது வருஷத்துக்கு ஆறு கிராம சபைகள். மக்கள்தொகையைப் பொறுத்து 50 முதல் 300 பேர் வரை வர வேண்டும். பல இடங்களில் நூறு நாள் வேலைக்காரர்களைக் கூட்டிவந்து உட்காரவைத்தே இந்த எண்ணிக்கையை நிரப்புகிறார்கள். ஆடு மேய்ப்பவர், விடிவதற்குள் மில்லுக்குப் போகும் பெண், ஊரை விட்டுத் தள்ளியிருக்கும் காலனிக்காரர் ஆகியோரின் குரல் தீர்மானப் புத்தகத்தில் ஏறுவதே இல்லை. இவர்களைக் கேட்காமல் மேய்ச்சல் புறம்போக்கில் கட்டடம் கட்டத் தீர்மானம் போட்டு, பிறகு சண்டையானதை நேரில் பார்த்திருக்கிறேன். சபைக்கு ஒரு வாரம் முன்பு ஒவ்வொரு குடியிருப்பிலும் சாயங்காலம் ஏழு மணிக்கு மேல் ஒரு சின்னக் கூட்டம் போடுங்கள். ஐரோப்பாவில் 1991-ல் தொடங்கிய லீடர் கிராம வளர்ச்சித் திட்டத்தின் உள்ளூர்க் குழுக்களில் அரசுத் தரப்போ வேறு எந்த ஒரு தரப்போ 49 சதவீதத்துக்கு மேல் வாக்கு வைத்திருக்க முடியாது என்று 2014–2020 கால விதிகளில் இருந்தது. அந்த விதியை இங்கே அப்படியே கொண்டுவர முடியாவிட்டாலும், அதன் நியாயம் நமக்கும் பொருந்தும்.

புவிசார் குறியீடு வாங்கிவிட்டால் ஊர்ப் பொருள் தானாகப் பிழைத்துக்கொள்ளும் என்ற நம்பிக்கையையும் பார்க்கிறேன். சிறுமலை, விருப்பாச்சி மலைவாழைக்கு அந்தக் குறியீடு உண்டு. அதனால் வாழையைத் தாக்கும் முடிக்கொத்து நோய் நின்றுவிடவில்லை. தோட்டத்துக்கு நோயில்லாத கன்று வேண்டும், நிழல் மரம் வேண்டும்.

கடைசியாக, பராமரிப்பு. கட்டுவதற்கு லட்சங்களில் ஒதுக்குகிறோம், மடையைத் திறந்து மூடுகிறவருக்கு ஒரு ரூபாய்கூட எழுதுவதில்லை. முன்பெல்லாம் ஆயக்கட்டுக்காரர்கள் களத்திலேயே நீர்பாய்ச்சிக்கு நெல் அளப்பார்கள். நான் சொன்ன பெரியவருக்கு அது நின்று பல வருஷம் ஆகிறது. அவர் மகன் திருப்பூரில் வேலை பார்க்கிறார், மடை முறை தெரிந்த ஆள் ஊரில் வேறு யாரும் இல்லை. கண்மாயின் மீன்பாசி (மீன் பிடிக்கும் உரிமை) ஏலத் தொகையில் ஒரு பங்கை நீர்பாய்ச்சி கூலிக்கும் வரத்துக்கால் முள் வெட்டவும் ஒதுக்கலாமா என்று கேட்டு, போன முறை போனபோது ஊர்க்கூட்டத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். மேலக் கண்மாய் ஊரிலிருந்தும் இரண்டு பேர் வந்து உட்கார்ந்திருந்தார்கள்.