வரப்புத் தகராறு வழக்கில் ராஜி (சமரசம்) போடுவது எப்படி?

நிலத் தகராறில் ஊர்ப் பெரியவர்கள் பேசி முடித்ததும் நடப்பது இதுதான்: ஒரு தாளில் ஆளுக்கொரு கையெழுத்து, அதோடு கோர்ட் பக்கம் போவதை நிறுத்திவிடுவார்கள். வழக்கு தள்ளுபடி ஆகிவிடும். நாலு வருஷம் கழித்து ஒருவர் பேச்சு மாறினால், அந்தத் தாளைக் காட்டி மறுபடி முதலிலிருந்து வழக்குப் போட வேண்டும். அதே சமரசத்தைக் கோர்ட் பதிவு செய்து டிக்ரி (தீர்ப்பாணை) ஆக்கிவிட்டால், மீறியவர் மேல் நேராக நிறைவேற்று மனு, அதாவது டிக்ரியை அமல்படுத்தக் கேட்கும் மனு, போடலாம். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, கட்டளை 23 விதி 3 இதற்குத்தான் இருக்கிறது.

முதல் படி: யார் யார் கையெழுத்து?

அண்ணன் தம்பி மட்டும் உட்கார்ந்து பேசினால் போதாது. பூர்வீகச் சொத்து என்றால் கட்டிக்கொடுத்த அக்கா தங்கைகளுக்கும் பங்கு உண்டு. வழக்கில் சேராத பங்குதாரரை ராஜி கட்டுப்படுத்தாது. பங்கு உள்ளவர் மைனராக இருந்தால், அவருடைய கார்டியன் அதற்காகக் கோர்ட்டிடம் தனியாக அனுமதி வாங்க வேண்டும்.

இரண்டாவது: அளந்துவிட்டுப் பேசுங்கள்

பட்டா, அ-பதிவேடு (ஊரின் நில விவரப் பதிவேடு), புலப்படம் (நிலத்தின் அளவு வரைபடம்), வில்லங்கச் சான்று நாலையும் எடுங்கள். பத்திரம் சென்ட் கணக்கில் பேசும், பட்டா ஏர்ஸ் கணக்கில் பேசும். 1 ஏர் சுமார் 2.47 சென்ட். இதைக் கவனிக்காமல் ‘பாதிப் பாதி’ என்று எழுதியவர்கள்தான் திரும்பக் கோர்ட்டுக்கு வருகிறார்கள். சர்வேயரை வைத்து அளந்து, பிரிக்கும் கோட்டை வரைபடத்தில் வரைந்து சமரச மனுவோடு இணைத்துவிடுங்கள்.

மூன்றாவது: சமரச மனு எழுதுவது

என்னைக் கேட்டால் முழு வேலையும் இங்கேதான். சர்வே எண், விஸ்தீரணம், நான்கு எல்லை எல்லாவற்றையும் ஷெட்யூலில் (மனுவோடு வரும் சொத்து விவரப் பட்டியல்) தனித்தனியாகக் காட்டுங்கள். அடுத்து, எல்லாரும் மறக்கிற விஷயங்கள்: கிணற்றுத் தண்ணீர் யாருக்கு எந்தெந்தக் கிழமை, மோட்டார் ரிப்பேர் செலவு எப்படிப் பிரிவது, மின் இணைப்பு யார் பெயரில் இருக்கும், வண்டிப்பாதை எத்தனை அடி, வரப்போரத் தென்னை யாருக்கு. ‘வழக்கம்போல் பயன்படுத்திக்கொள்வது’ என்று ஒரு வரி வந்தால் அடித்துவிடச் சொல்லுங்கள். சண்டையே அந்த வழக்கத்தைப் பற்றித்தானே! பணம் கைமாறுவதாக இருந்தால் தொகை, தேதி, தவறினால் என்ன என்பதையும் எழுதுங்கள்.

கட்சிக்காரர்கள் தாங்களே கையெழுத்திடுவது நல்லது. இப்படி இரு தரப்பும் ஒத்துக்கொண்டு வாங்கும் சம்மத டிக்ரி மேல் சாதாரணமாக அப்பீல் கிடையாது. ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்றாலும் தனி வழக்குப் போட முடியாது, விதி 3-அ தடுக்கிறது. பதிவு செய்த அதே கோர்ட்டில்தான் சொல்ல வேண்டும். அதனால் படிக்காமல் பேனாவைத் தொடாதீர்கள்.

நான்காவது: கோர்ட்டில்

வாய்தா அன்று எல்லாரும் ஆதார் அட்டையோடு போங்கள். சம்மதம்தானா என்று நீதிபதி கேட்பார். வழக்கு லோக் அதாலத்துக்கு (மக்கள் நீதிமன்றம்) போய் அங்கே முடிந்தாலும் சரி, அந்தத் தீர்வும் டிக்ரிக்குச் சமம்.

ஐந்தாவது: டிக்ரி வந்த பிறகு

சான்றிட்ட நகலுக்கு அன்றே மனு போடுங்கள். வழக்கில் இல்லாத வேறு நிலத்தையும் ராஜியில் சேர்த்திருந்தால், பதிவுச் சட்டம் 17-ஆம் பிரிவுப்படி டிக்ரியைப் பதிய வேண்டும். பாகப்பிரிவினை வழக்கானால் இறுதி டிக்ரிக்கு முத்திரைத்தாள் வேண்டும். பிறகு தாலுகா அலுவலகத்தில் உட்பிரிவுக்கும் பட்டா மாறுதலுக்கும் விண்ணப்பம்.

கட்டிய கோர்ட் ஃபீஸையும் கேளுங்கள். கட்சிக்காரர்கள் வெளியே தாங்களாகப் பேசி முடித்தாலும் முழுத் தொகையும் திரும்பக் கிடைக்கும் என்று, சென்னை உயர்நீதிமன்ற வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 2021-இல் உறுதி செய்திருக்கிறது. ராஜி மனு போடும்போதே அந்தக் கோரிக்கையையும் சேர்க்கச் சொல்லி வக்கீலிடம் ஞாபகப்படுத்துங்கள்.