பேக்லண்டின் வாழ்வை வகுப்பில் எடுத்துரைப்பது எப்படி?

கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பாடசாலைகளில் பேக்லைட்டு என்னும் செயற்கைப் பிளாத்திக்கைக் கண்டுபிடித்த லியோ பேக்லண்டைப் பற்றிப் பேச எழும் மாணவர், 1863இல் பெல்ஜியத்தில் பிறந்தார் என்று தொடங்காமல், பழைய வீட்டுச் சுவரிலிருந்து கழற்றிய, பேக்லைட்டாலான கறுப்பு மின் ஆளி ஒன்றை முதலில் மேசையில் வைக்கட்டும். ஆசிரியர் முன்னிலையில், சன்னல் திறந்த அறையில், சூடாக்கிய ஊசி நுனியை அதன் பின்புறத்தில் அழுத்தினால் அது உருகி வழிவிடாது. பிளாத்திக்குப் போத்தல் மூடியிலோ ஊசி உடனே இறங்கிவிடும். பீனோல், போமல்டிகைட்டு என்னும் இரு இரசாயனங்கள் வெப்பத்தாலும் அமுக்கத்தாலும் இணைந்து ஒரே மூலக்கூற்று வலையாக இறுகியிருப்பதே காரணம் என்பதை அங்கேயே விளக்கிவிட்டு, 1907ஆம் ஆண்டின் பேக்லைட்டுக் கண்டுபிடிப்புக்கு வரலாம். பெல்ஜியத்தின் கென்ற் பல்கலைக்கழகத்தில் அவர் கற்பித்த காலத்துக்கு ஒரு வரி போதும். ஆனால் 'வெலொக்ஸ்' ஒளிப்படத்தாளை 1899இல் கொடாக் நிறுவனத்தின் ஜோர்ஜ் ஈஸ்ற்மனுக்கு விற்ற பணமே சொந்த ஆய்வுகூடத்துக்கு வழிவிட்டது என்பதை விட்டுவிடக் கூடாது. உள்ளூர்த் தொடர்பு என்னவென்று எவரும் கேட்டால் (கேட்கத்தான் செய்வார்கள்), ஒருகாலத்தில் பரந்தன் இரசாயனத் தொழிற்சாலை உப்பிலிருந்து தயாரித்த எரிசோடா, பேக்லைட்டு வினைக்கு ஊக்கியாகப் பயன்படக்கூடியது என்று சொல்லலாம்.