நாழிகை வாது: முதல் ஆட்டத்துக்கான செய்முறை விளக்கம்

பட்டிமன்ற மேடையில் வாயை விட்டுப் போன சொல் போனதுதான். அந்த ஒரு விதியை மட்டும் தளர்த்திப் பார்த்தால் எப்படியிருக்கும் என்ற எண்ணத்தில் உருவான கற்பனை விளையாட்டே நாழிகை வாது. வருங்காலத்தில் தமுக்கம் மைதானத்தில் ஒரு மேடை இருப்பதாகவும், அதில் பொருத்தியுள்ள கருவி காலத்தை 24 நொடி அளவுக்குப் பின்னே இழுக்கவும் நிறுத்தவும் வல்லது என்றும் வைத்துக்கொள்ளுங்கள். காலம் பின்னே போகும்போது, கழிந்த பேச்சு மேடையில் நிற்பவர்களுக்கு மட்டும் நினைவிருக்கும். நடுவரையும் அவையோரையும் பொறுத்தவரை அந்தப் பேச்சு நிகழவே இல்லை. கருவி வரும்வரை காத்திராமல், வெயில் தாழ்ந்த பிறகு மொட்டைமாடியில் இதை ஆடிப் பழகலாம்.

முதல் படி: ஆட்களும் பொருள்களும்

அணிக்கு இருவர் வீதம் நால்வர், நடுவர் ஒருவர், நாழிகைக் கணக்கர் ஒருவர் என ஆறு பேர் வேண்டும். பழந்தமிழ் அரண்மனைகளில் பொழுதை அளந்து அரசனுக்கு அறிவித்தவர்களின் பெயரையே கணக்கருக்கு வைத்திருக்கிறேன். ஓர் அணிக்கு முப்பதாக அறுபது புளியங்கொட்டைகள், இரண்டு எவர்சில்வர் டம்ளர்கள், நொடி காட்டும் கைப்பேசி, நடுவருக்கு ஒரு நோட்டு, பென்சில், ரப்பர் ஆகியவை போதும். பேனா வேண்டாம், காரணம் பின்னால் வரும்.

இரண்டாம் படி: காலத்தைப் பங்கிடுதல்

ஒரு நாழிகை என்பது 24 நிமிடம். அதில் அறுபதில் ஒரு பங்கு விநாழிகை, அதாவது 24 நொடி. ஒரு புளியங்கொட்டை ஒரு விநாழிகையைக் குறிக்கும். ஒருவர் பேசத் தொடங்கியதும், ஒவ்வொரு 24 நொடி முடியும்போதும் கணக்கர் அவருடைய அணியின் டம்ளரில் ஒரு கொட்டையைப் போட வேண்டும். டம்ளரில் விழும் அந்த 'டங்' என்ற ஓசை பேசுபவரின் காதில் விழுந்தே ஆக வேண்டும். புதியவர்கள் முதல் சில ஓசைகளிலேயே தடுமாறி, சொல்ல வந்ததைப் பாதியில் விட்டுவிடுவது வழக்கம்.

தொடக்க உரைக்கு எட்டு, மறுப்புரைக்கு எட்டு, முடிவுரைக்கு ஐந்து என 21 கொட்டைகள் பேச்சுக்குப் போகும். மீதமுள்ள ஒன்பதைக் கொண்டுதான் காலத்தோடு விளையாட வேண்டும்.

மூன்றாம் படி: மூன்று காலநகர்வுகள்

உறைவு: ஒரு கொட்டை. 'உறை' என்று சொன்னதும் எதிரணி அசையாமலும் தமக்குள் பேசாமலும் நிற்க, நீங்களும் உங்கள் துணைவரும் 24 நொடி கலந்து பேசிக்கொள்ளலாம்.

முன்னோட்டம்: நான்கு கொட்டைகள். எதிரணி தன் முடிவுரையின் சாரத்தை ஒரு விநாழிகைக்குள் இப்போதே சொல்லியாக வேண்டும். பிறகு முடிவுரையில் அதை மாற்றக் கூடாது. முதல் சில ஆட்டங்களில் இந்தப் பக்கமே போகாதீர்கள்.

பின்னோட்டம்: மூன்று கொட்டைகள். கடைசியாகப் பேசப்பட்ட ஒரு விநாழிகைப் பேச்சு, யார் பேசியதாக இருந்தாலும், இல்லாமல் போகும். நடுவர் தம் நோட்டில் அந்தப் பகுதியை ரப்பரால் அழித்துவிட வேண்டும். பிறகு பின்னோட்டம் கேட்டவர் ஒரே ஒரு கேள்வியோ கூற்றோ முன்வைக்க, மறுதரப்பு அதற்கு விடையளித்துவிட்டே பேச்சைத் தொடர வேண்டும். அழிந்த பேச்சை அதன்பின் யார் குறிப்பிட்டாலும் மூன்று கொட்டைகள் எதிரணிக்குப் போய்விடும்.

நான்காம் படி: பின்னோட்டத்தைப் பயன்படுத்தும் முறை

ஆட்டத்தின் உயிர் இங்கேதான் இருக்கிறது. புதியவர்கள் தம் நாக்குத் தவறை அழிக்கவே மூன்று கொட்டைகளைச் செலவழிப்பார்கள். என் கருத்தில் அது வீண் செலவு, ஏனெனில் நாக்குத் தவறை நடுவர் தாமாகவே மன்னித்துவிடுவார். எதிரணியின் மிக வலுவான சான்று வெளிவந்த மறுகணமே பின்னோட்டம் கேட்பதுதான் பயன் தரும்.

'வைகைப் பாசனத்துக்கு உயிர் கொடுத்தது உள்ளூர் மழையா, முல்லைப் பெரியாறா?' என்பது தலைப்பு என்றும், நீங்கள் மழையின் பக்கம் என்றும் கொள்வோம். எதிரணி இப்படிப் பேசுகிறது: "நடுவர் அவர்களே, 1895இல் பெரியாறு அணை கட்டி முடிக்கப்பட்டு, மலையைக் குடைந்த சுரங்கம் வழியே தண்ணீர் கிழக்கே வந்த பிறகுதான் இந்தப் பக்கத்து வயல்களுக்கு உயிர் வந்தது." அவையில் கைத்தட்டல் எழும். உடனே பின்னோட்டம் கேளுங்கள். ஆண்டு, அணை, கைத்தட்டல் எல்லாம் அழிந்துபோகும். இப்போது நீங்கள் கேட்க வேண்டியது: "இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே கீழடியில் குடியிருந்தவர்கள் எந்த ஆற்றை நம்பி வாழ்ந்தார்கள் என்று எதிரணி நண்பர் சொல்வாரா?"

அவர் வைகை என்றுதான் சொல்ல முடியும். அதைச் சொன்ன வாயால் 1895இல்தான் உயிர் வந்தது என்று மீண்டும் சொல்ல வந்தால், தம் பேச்சைத் தாமே மறுப்பவராவார்.

ஆனால் அவருக்கும் பழைய பேச்சு நினைவிருக்கிறது. தேர்ந்த ஆட்டக்காரர், "வைகையைத்தான் நம்பினார்கள், மழை பொய்த்த ஆண்டுகளில் அந்த நம்பிக்கையும் பொய்த்தது" என்று விடை சொல்லி, அணையை உயிராகக் காட்டாமல் காவலாகக் காட்டி, முன்பைவிட வலுவாகத் திரும்பி வருவார். உங்கள் கேள்விக்கு அவர் எப்படி வளைந்து கொடுப்பார் என்பதை முன்கூட்டியே யோசிக்க முடியாவிட்டால், முதலில் ஒரு கொட்டையைச் செலவழித்து உறைவு கேட்டு, துணைவரிடம் ஆலோசித்துவிட்டுப் பின்னோட்டத்துக்குப் போங்கள். உறைவு பேச்சாகாது என்பதால் அந்த இடைவெளியில் சான்று கைநழுவிப் போகாது.

ஐந்தாம் படி: சான்று மாறாது

காலத்தைப் பின்னே தள்ளினால் சொற்கள்தாம் மாறும், உண்மை மாறாது. சிலப்பதிகாரத்து வழக்குரை காதையை வைத்து இதைப் பயிற்சி செய்யலாம். தன் சிலம்பில் இருப்பது மாணிக்கப் பரல் என்கிறாள் கண்ணகி. தேவியின் சிலம்பில் இருப்பது முத்து என்கிறான் பாண்டியன். அரசன் தரப்பில் நின்று அந்தச் சொல்லை அழித்தாலும், உடைத்த சிலம்பிலிருந்து தெறிக்கப்போவது மாணிக்கம்தான். கோவலனைக் கொல்லச் சொன்ன கணத்துக்குப் போகலாம் என்றாலோ, ஒரு விநாழிகைக்கு அத்தனை தூரம் எட்டாது. ஆகவே, பொருளாகக் கையில் வந்துவிட்ட சான்றின் மேல் பின்னோட்டத்தைச் செலவழிக்காதீர்கள்.

ஆறாம் படி: தீர்ப்பு

சாலமன் பாப்பையா நடுவராக இருந்த பட்டிமன்றங்களைப் பார்த்தவர்களுக்கு, இரு தரப்பையும் தூக்கிப் பேசிவிட்டுக் கடைசியில் ஒரு பக்கம் சாய்வது நடுவரின் இயல்பு என்று தெரியும். இங்கே அவருக்கு அந்த வசதி சற்றுக் குறைவு. ஒவ்வோர் உரைக்கும் பத்து மதிப்பெண் வீதம் அணிக்கு முப்பது. நோட்டில் அழியாமல் எஞ்சியிருக்கும் குறிப்புகளை மட்டுமே பார்த்து மதிப்பெண் இட வேண்டும். காதால் கேட்டது நினைவில் நிற்கத்தான் செய்யும். உண்மையான கருவி இல்லாத வரை இந்தக் குறை இருக்கும். எனவே வாயாடியான நண்பரை விட்டுவிட்டு, ஞாபக மறதிக்காரரை நடுவராக அமர்த்துங்கள். மதிப்பெண் சமமானால், கையில் மிச்சக் கொட்டைகள் அதிகம் உள்ள அணி வெல்லும். அதுவும் சமமானால் தலைப்பில் தரப்புகளை மாற்றிக்கொண்டு, பேச ஐந்து, காலநகர்வுக்கு மூன்று என ஆளுக்கு எட்டுக் கொட்டைகளுடன் ஒரு சிற்றாட்டம் ஆட வேண்டும்.