காலமந்திரத்துக்குச் சட்டம் எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

மாயாஜாலக் கதை எழுத வருகிறவர்களின் கையெழுத்துப் பிரதிகளை வாசித்துக் கருத்துச் சொல்வது என் வழக்கம். காலத்தைத் திருப்பும் மந்திரம் உள்ள நாடு என்றால், அதைக் கட்டுப்படுத்த ஒரு சட்டமும் இருக்கும். நான் ஆரம்பத்தில் செய்த தவறுகள்தான் அந்தச் சட்டங்களில் திரும்பத் திரும்ப வருகின்றன. தாத்தாவைக் கொன்றால் பேரன் எப்படிப் பிறப்பான் என்பது எல்லாருக்கும் தெரிந்த முரண், அதை விட்டுவிடுகிறேன்.

குற்றம் நடந்ததே யாருக்கும் தெரியாது

கதையையே கவிழ்ப்பது இதுதான். இன்றும் பார்த்தால் எரிச்சல் வருகிறது.

அண்மையில் வாசித்த ஒரு நாவலில், ஆற்றில் மூழ்கி இறந்த தம்பியை ஒரு மந்திரக்காரி பின்னோக்கிப் போய்க் காப்பாற்றுகிறாள். மறுநாளே காவலர்கள் அவளைப் பிடிக்கிறார்கள். விசாரணைக் காட்சி அருமையாக வந்திருந்தது. ஆனால் தம்பிதான் சாகவே இல்லையே? பிணம் இல்லை, அழுதவர்கள் இல்லை. புகார் கொடுத்தது யார்? எழுதியவரிடம் கேட்டேன். "அரசவை ஞானிகளுக்கு எல்லாம் தெரியும்" என்றார். சரி, எல்லாம் தெரியுமென்றால் அதே நாவலில் வரும் கொலைக்குத் துப்புத் துலக்க இத்தனை பேர் ஏன் அலைகிறார்கள்? ஓர் ஓட்டையை அடைக்கப் போய் மர்மமே செத்துவிட்டது. பாதிக்கு மேல் அவர் புதிதாக எழுத வேண்டியதாயிற்று.

முதல் வரி எழுதும் முன்பே முடிவு செய்யுங்கள்: மாறிப்போன காலம் யாருக்கு நினைவிருக்கும்? மந்திரம் எட்டாத ஓர் அறை, அதில் ஒரு பதிவேடு என்று வைத்துக்கொள்ளலாம். ஏட்டில் தம்பி இறந்திருக்கிறான். வெளியே தெருவில் நடமாடுகிறான். இந்த வித்தியாசமே சாட்சி. அப்புறம் கதை தானாக விரியும். பழைய உலகத்தை அறிந்தவர் அந்த அறையின் எழுத்தர் மட்டுமே. அவருக்கு லஞ்சம் கொடுக்கலாம், அவரை மிரட்டலாம். நடக்காத சாவு ஒன்றை அவர் எழுதிவைத்தால், நிரபராதி அதை மறுக்க வழியே கிடையாது.

சட்டத்துக்கு முந்தைய காலத்துக்குத் தப்புவது

செய்த நேரத்தில் குற்றமாக இல்லாத செயலுக்கு யாரையும் குற்றவாளியாக்கக் கூடாது என்கிறது 1948-ஆம் ஆண்டின் உலகளாவிய மனித உரிமைப் பிரகடனத்தின் 11-ஆவது பிரிவு. உங்கள் நாட்டிலும் இந்த நியாயம் உண்டென்றால், கெட்டிக்கார மந்திரவாதி சட்டம் வருவதற்கு முந்தைய ஆண்டுக்குப் போய் அங்கே நின்று மந்திரம் போடுவான். 'செய்த நேரம்' என்பது நாட்டின் நாட்காட்டிப்படியா, அவன் வாழ்ந்த நாட்களின் வரிசைப்படியா? முதல் பிரிவிலேயே சொல்லிவிடுங்கள்.

வயதும் கடனும்

1752-இல் பிரிட்டன் நாட்காட்டியை மாற்றியபோது செப்டம்பர் 2-க்கு மறுநாள் 14 ஆனது. 11 தேதிகள் விடுபட்டதால் எவரும் முன்கூட்டியே 21 வயதை எட்டிவிட மாட்டார்கள், வாடகையும் கடனும் முன்னதாகவே கட்ட வேண்டியதாகாது என்று அந்தச் சட்டத்திலேயே எழுதிவைத்தார்கள். தேதி மாறியதற்கே இவ்வளவு கவனம். உங்கள் நாயகன் கடந்த காலத்தில் சில ஆண்டுகள் வாழ்ந்துவிட்டுத் திரும்பினால் அவன் வயது என்ன, வட்டி எவ்வளவு?

அரசனுக்கு விலக்கு

கொடுங்கள். எந்தப் பிரிவில் என்று எழுதிக் கொடுங்கள்.

எல்லாவற்றுக்கும் மரண தண்டனை

வேண்டாம். தூக்கிலிடப்பட்டவனை மீட்க, அவன் கூட்டாளி அதே மந்திரத்தைப் போட்டால் போதும்.