கல்லீரல் சோர்ந்தால் மூளை குழம்பும்: வீட்டார் செய்யும் தவறுகள்

கல்லீரல் நோயாளியான என் சிற்றப்பா நாற்பது ஆண்டுகள் கணக்கு எழுதியவர். ஒரு மாலை, எங்கள் புளோக்கின் மின்தூக்கிக்குள் பொத்தானை அழுத்துவதற்குப் பதிலாகத் தம்முடைய பயண அட்டையை அதன்மேல் வைத்துக்கொண்டு நின்றார். கதவு இரண்டு முறை மூடித் திறந்தும் அவருக்குத் தவறு புலப்படவில்லை. அதற்கு முந்தைய ஒரு வாரமாகவே பகலெல்லாம் தூங்கி இரவெல்லாம் விழித்திருந்தார். வயதாகிவிட்டது என்று நாங்களே முடிவு செய்துகொண்டு, அருகிலிருந்த மருந்தகத்துக்கு அழைத்துச் சென்று, கல்லீரல் நோயைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாமல், "தூக்கம் வரவில்லை" என்று மட்டும் சொல்லித் தூக்க மாத்திரை வாங்கினோம். மறுநாள் காலை அவரை எழுப்ப முடியவில்லை. அந்த மாத்திரையைக் கேட்டு வாங்கியவன் நான்தான்.

நடந்தது என்ன என்பதைப் பிறகுதான் புரிந்துகொண்டேன். நோயுற்ற கல்லீரலால் மூளை குழம்பும் இந்த நிலைக்கு ஹெப்பாட்டிக் என்செஃபலோபதி என்று பெயர். குடலில் வாழும் பாக்டீரியாக்கள் புரதத்தைச் சிதைக்கும்போதும், குடலின் உட்சுவர் குளூட்டமின் என்னும் அமினோ அமிலத்தைப் பயன்படுத்தும்போதும் அம்மோனியா உண்டாகிறது. அது போர்ட்டல் சிரை வழியாக நேரே கல்லீரலுக்குச் செல்ல, நல்ல கல்லீரல் அதை யூரியாவாக மாற்றிவிடுகிறது. சிறுநீரகம் அதனை வெளியேற்றுகிறது. சிரோசிஸ் எனப்படும் கல்லீரல் இறுக்கத்தில் இந்த வேலை இரண்டு வகையில் கெடுகிறது: மாற்றும் திறன் குறைகிறது, அத்துடன், இறுகிப்போன கல்லீரலுக்குள் நுழைய வழியில்லாத இரத்தம் பக்கவழிகளில் புகுந்து, சுத்தம் செய்யப்படாமலேயே உடலெங்கும் சுற்றுகிறது. மூளையை அடையும் அம்மோனியாவை ஆஸ்ட்ரோசைட் என்னும் துணைச் செல்கள் குளூட்டமினாக மாற்றிச் சேர்த்துக்கொள்கின்றன. அது நீரை இழுப்பதால் அந்தச் செல்கள் வீங்கி, நரம்புகளுக்கிடையிலான செய்திப் போக்குவரத்தைத் தடுமாற வைக்கின்றன. உடலில் எங்கேனும் கிருமித் தொற்றோ அழற்சியோ சேர்ந்துகொண்டால் இது இன்னும் மோசமாகிறது.

இதனை முதுமை, மறதி நோய், குடிபோதை என்று நினைத்துவிடுவது முதல் தவறு. குடிக்காதவருக்கு இது வராது என்ற எண்ணமும் அதன் உடன்பிறப்புதான். ஹெப்பட்டைட்டிஸ் பி, கொழுப்புக் கல்லீரல் ஆகியவற்றாலும் கல்லீரல் இறுகும். சிங்கப்பூரில் பிறக்கும் எல்லாக் குழந்தைகளுக்கும் ஹெப்பட்டைட்டிஸ் பி தடுப்பூசி போடும் வழக்கம் 1987இல்தான் தொடங்கியது. என் சிற்றப்பா அதற்கு வெகுகாலம் முன்பே பிறந்தவர், மதுவைத் தொட்டதில்லை. இரவும் பகலும் இடம் மாறுவது, கையெழுத்து கோணிப்போவது, சுபாவம் திடீரென மாறுவது, பழகிய வேலையில் தடுமாறுவது ஆகியவை முன்னறிகுறிகள். கைகளை முன்னே நீட்டி, போக்குவரத்துக் காவலர் வண்டியை நிறுத்துவதுபோல் உள்ளங்கை முன்னே தெரியும்படி மணிக்கட்டை மேல்நோக்கி மடக்கச் சொன்னால், பறவை சிறகடிப்பதைப் போல மணிக்கட்டு விட்டுவிட்டுத் துடிப்பதையும் காணலாம்.

இதற்கு நேர் எதிரான தவறும் உண்டு. கல்லீரல் நோயாளிக்கு எந்தக் குழப்பம் வந்தாலும் "பழைய கோளாறுதான்" என்று, இதற்கு வழக்கமாகத் தரும் லாக்டுலோஸ் என்னும் திரவ மருந்தைக் கூடுதலாக ஊற்றிக் கொடுத்துவிட்டுக் காத்திருக்கக் கூடாது. இரத்தம் உறைவது அவர்களுக்குக் குறைவு என்பதால் குளியலறையில் சறுக்கி விழுந்தவருக்கு மண்டைக்குள் இரத்தக்கசிவு இருக்கலாம், சர்க்கரை தாழ்ந்திருக்கலாம், பக்கவாதமாகவும் இருக்கலாம்.

நான் பார்த்தவரையில், வீடுகளில் மிக அதிகமாக நடக்கும் தவறு லாக்டுலோஸை நிறுத்துவது. அந்த இனிப்புத் திரவத்தை மலச்சிக்கல் மருந்து என்றே எல்லாரும் அறிந்திருப்பதால், மலம் இளகியவுடன் "போதும்" என்று புட்டியை மூடி வைத்துவிடுகிறார்கள். உண்மையில் பெருங்குடலின் பாக்டீரியாக்கள் அதை அமிலமாக மாற்றுகின்றன. அமிலச் சூழலில் அம்மோனியா இரத்தத்துக்குள் ஏற முடியாத வடிவத்துக்கு மாறி மலத்தோடு வெளியேறிவிடுகிறது. நாளொன்றுக்கு இரண்டு அல்லது மூன்று முறை இளக்கமாகப் போகவேண்டும் என்பதே மருத்துவர்கள் வைக்கும் இலக்கு. நீரிழிவு உள்ளவர்கள் இனிப்பைக் கண்டு அஞ்சுகிறார்கள். லாக்டுலோஸ் இரத்தத்தில் சேர்வது மிகச் சொற்பம். சிற்றப்பாவின் காரணம் வேறு. தைப்பூசத்தன்று சிராங்கூன் சாலைக் கூட்டத்தில் கழிப்பறைக்கு எங்கே போவது என்று எண்ணி, இரண்டு நாள் மருந்தை யாருக்கும் சொல்லாமல் தவிர்த்துவிட்டார். மூன்றாம் நாள் மருத்துவமனையில் படுத்திருந்தார். அளவு மிஞ்சுவதும் ஆபத்தே: தண்ணீராகப் போனால் உடல் வறண்டு, பொட்டாசியம் குறைந்து, அதே குழப்பம் திரும்ப வரும். ஆகவே எங்கள் சமையலறை நாள்காட்டியில் இப்போது ஒவ்வொரு தேதிக்கும் பக்கத்தில் கோடுகள் இருக்கின்றன. வருகிறவர்கள் என்ன கணக்கு என்று கேட்டால், வீட்டுப் பணிப்பெண் சிரித்துக்கொண்டு நழுவிவிடுவாள். லாக்டுலோஸ் கொடுத்தும் மறுபடி மறுபடி வந்தால், ரிஃபாக்ஸிமின் என்னும் குடலுக்குள்ளேயே வேலை செய்யும் மாத்திரையை மருத்துவர்கள் கூடச் சேர்ப்பதுண்டு. அதனைச் சேர்த்தார்கள் என்பதற்காக லாக்டுலோஸைக் கைவிட்டுவிடுவதும் தவறு.

அடுத்தது உணவு. அம்மோனியா புரதத்திலிருந்து வருகிறதென்றால் புரதத்தைக் குறைக்கவேண்டும் என்று தோன்றுவது இயல்பு. முன்பு மருத்துவர்களே அப்படித்தான் சொன்னார்கள். சிற்றப்பாவுக்கும் சில வாரங்கள் கஞ்சியும் ரசஞ்சோறுமே கொடுத்தோம். தோளெலும்பு தெரிய இளைத்தார். கல்லீரல் கைவிடும்போது அம்மோனியாவை வாங்கிக்கொள்ளும் இன்னோர் உறுப்பு தசை என்பது எங்களுக்குத் தெரியாது. தசை கரையக் கரைய மூளைக்குப் போகும் அம்மோனியா கூடும். இன்றைய வழிகாட்டல், உடல் எடையில் ஒவ்வொரு கிலோவுக்கும் நாளொன்றுக்கு 1.2 முதல் 1.5 கிராம் புரதம் வேண்டும் என்கிறது. 60 கிலோ எடையுள்ளவருக்கு அது 72 முதல் 90 கிராம். பருப்பு, தயிர், டோஃபு போன்றவை இறைச்சியைவிட நன்கு ஒத்துப்போகின்றன. உப்பைக் குறைப்பது வேறு விஷயம், அது வயிற்றில் நீர் கோப்பதற்காக. நெடுநேரம் வயிற்றைக் காயவிடுவதும் ஆகாது: இறுகிய கல்லீரல் சர்க்கரையைச் சேமித்து வைக்க இயலாததால், இரவுப் பட்டினியில் உடல் தன் தசையையே எடுத்துத் தின்கிறது. படுக்கும்முன் சிறிது உணவு கொடுங்கள். கந்த சஷ்டி விரதத்தை இவர் இருக்க வேண்டா என்று சொல்ல நாங்கள் பட்ட பாடு தனிக்கதை.

மருந்துகளில் தூக்க மாத்திரை கூடாது என்பது, தூக்கம் தரும் இருமல் மருந்துகளுக்கும் ஒவ்வாமை மாத்திரைகளுக்கும் பொருந்தும். மூட்டுவலிக்கு இபுப்ரோஃபென் போன்றவற்றை எடுத்தால் சிறுநீரகம் பழுதாகவும் உள்ளே இரத்தம் கசியவும் கூடும். பனடால் (பாரசிட்டமோல்) கல்லீரலுக்கு நஞ்சு என்று அஞ்சி அவற்றின் பக்கம் போகிறவர்களே அதிகம். ஆனால் மருத்துவர் குறிக்கும் குறைந்த அளவுக்குள் பாரசிட்டமோலே பாதுகாப்பானது. நீர் இறங்கக் கொடுக்கும் மாத்திரையை நீங்களாகக் கூட்டாதீர்கள். "இயற்கை" என்ற பெயரில் விற்கும் பொடிகளையும் லேகியங்களையும் சீன மருந்துக்கடைக் கஷாயங்களையும் மருத்துவரிடம் காட்டாமல் கொடுக்காதீர்கள்.

இரத்தத்தில் அம்மோனியா எவ்வளவு என்று ஒவ்வொரு முறையும் கேட்டு நச்சரிப்பதில் பயனில்லை. எண் கூடியிருந்தும் தெளிவாகப் பேசுகிறவர்கள் உண்டு. ஆளைப் பார்த்துத்தான் நோயை முடிவு செய்கிறார்கள்.

காய்ச்சல், தார்போன்ற கறுப்பு மலம், இரத்த வாந்தி, எழுப்பினால் எழாத உறக்கம் ஆகியவற்றில் ஒன்று இருந்தாலும் காலை வரை காத்திராமல் ஆம்புலன்சுக்கு 995ஐ அழையுங்கள். வாயில் மருந்தூற்ற முயலவேண்டாம். அரைமயக்கத்தில் இருப்பவருக்கு அது நுரையீரலுக்குள் இறங்கும். முன்பு கல்லீரல் நோயே இல்லாத ஒருவர், மாத்திரைகளை அளவுக்கு மீறி விழுங்கியதாலோ கடும் மஞ்சள்காமாலையாலோ குழம்பத் தொடங்கினால் நிலைமை அதனினும் அவசரமானது. அங்கே மூளையே வீங்கி உயிருக்கு ஆபத்து நேரலாம்.

தெளிந்தபின் "குணமாகிவிட்டது" என்று காரோட்டும் சாவியைத் திருப்பிக் கொடுப்பது கடைசித் தவறு. நன்றாகப் பேசுகிறவருக்கும் கவனமும் வேகமும் குறைந்திருக்கலாம். ஒருமுறை வந்தால் மறுமுறை வரும் வாய்ப்பு அதிகம் என்பதால், மாற்றுக் கல்லீரலைப் பற்றிக் காலத்தோடு கேட்டு வைக்கவேண்டும்.

ஒரு நிமிடத்தில் எத்தனை விலங்குகளின் பெயர்களைச் சொல்ல முடிகிறது என்று எண்ணும் எளிய சோதனையை மருத்துவமனையில் கற்றுக்கொண்டோம். பத்துக்குக் கீழே போனால் மருத்துவரைக் கூப்பிட வேண்டும். இரவு உணவுக்குமுன் நான் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். நேற்று பதினேழு சொன்னார். தேக்கா மீன் கடைகளின் வரிசையை நினைத்துக்கொண்டு சுறா, திருக்கை, பாறை என்று போனவரை, மீனெல்லாம் விலங்கா என்று நான் நிறுத்தப் பார்த்தேன். உயிருள்ளதெல்லாம் விலங்குதான், நேரத்தை வீணாக்காதே என்று கோபித்துக்கொண்டார்.