விளங்காத நிகழ்வுகளை ஆராய வருபவர்கள் எங்கே சறுக்குகிறார்கள்

வானத்தில் தெரிந்த விசித்திர ஒளி, ஆளில்லாத அறையில் கேட்ட சத்தம் என்று இந்த மாதிரி விஷயங்களை ஆராய்வதையே தொழிலாக்க நினைப்பவர்கள் பெரும்பாலும் சறுக்குவது காரணத்தை அவசரமாகச் சொல்வதில்தான். "பேய்தான்" என்பவருக்கு இருக்கும் அதே அவசரம் "அதெல்லாம் ஒன்றுமில்லை" என்பவருக்கும் உண்டு. பறக்கும் தட்டுகளைப் பார்த்ததாக வந்த தகவல்களை ஆராய அமெரிக்க விமானப்படை நடத்திய புளூ புக் திட்டத்துக்கு ஆலோசகராக இருந்த வானியலாளர் ஆலன் ஹைனெக், 1966-இல் மிச்சிகனில் பலர் பார்த்த ஒளிகளுக்குச் சதுப்பு நில வாயு காரணமாக இருக்கலாம் என்று பத்திரிகையாளர்களிடம் சொல்லப்போய், நாடு முழுக்கக் கேலிக்கு ஆளானார். 1969-இல் அந்தத் திட்டம் மூடப்பட்டபோது கணக்கில் இருந்த 12,618 தகவல்களில் 701-க்கு விடை தெரியவில்லை. அந்த 701-ஐக் காட்டி வேற்றுக்கிரகவாசிகள் வந்தார்கள் என்று பேசுவதும் இதே தவறுதான், விடை தெரியவில்லை என்றால் தெரியவில்லை என்றே எழுதி வையுங்கள்.

சாட்சியிடம் கேள்வி கேட்கும் விதத்தில் நடக்கும் தவறு இன்னும் மோசம், ஏனென்றால் கெட்டுப்போன நினைவை அப்புறம் சரிசெய்யவே முடியாது. உளவியலாளர்கள் லாஃப்டஸும் பால்மரும் 1974-இல் வெளியிட்ட சோதனையில், கார் விபத்துப் படம் பார்த்தவர்களிடம் கார்கள் "இடித்தபோது" என்ன வேகம் என்று கேட்டால் ஒரு பதில், "மோதி நொறுங்கியபோது" என்று கேட்டால் அதைவிட அதிக வேகம் பதிலாக வந்தது. ஒரு வாரம் கழித்து, படத்தில் இல்லாத உடைந்த கண்ணாடியைப் பார்த்ததாகவும் அந்த இரண்டாவது கூட்டத்தில்தான் அதிகம் பேர் சொன்னார்கள். அதனால் "அந்த உருவம் எவ்வளவு உயரம்?" என்று ஆரம்பிக்காதீர்கள். "என்ன நடந்தது, சொல்லுங்கள்" என்று கேட்டுவிட்டு வாயை மூடிக்கொள்ளுங்கள், சாட்சிகள் பலர் இருந்தால் தனித்தனியாகக் கேளுங்கள்.

படித்தவனை யாரும் ஏமாற்ற முடியாது என்ற நம்பிக்கையும் ஆபத்துதான். தொடாமலே பொருளை வளைப்பது போன்ற மனசக்தி பற்றிய ஆராய்ச்சிக்காக அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரிலுள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் ஐந்து லட்சம் டாலர் நன்கொடையில் தொடங்கிய ஆய்வகத்துக்கு போலிகளை அம்பலப்படுத்தி வந்த மேஜிக் நிபுணர் ஜேம்ஸ் ராண்டி இரண்டு இளம் வித்தைக்காரர்களை ரகசியமாக அனுப்பினார், அவர்கள் சக்தி உள்ளவர்களாகவே நடித்துக் காலம் தள்ளினார்கள், 1983-இல் ராண்டியே உண்மையை வெளியிட்டார். கைவித்தை தெரிந்த ஒருவரைச் சோதனை திட்டமிடும்போதே கூட வைத்துக்கொள்ளுங்கள்.

கருவி வாங்குவதற்கு முன் சுற்றுப்புறத்தைப் பாருங்கள். ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் ரேடியோ தொலைநோக்கியில் பல வருடம் குழப்பிய மர்ம சிக்னல்களுக்கு, வேலை முடியுமுன் கதவைத் திறந்த மைக்ரோவேவ் அடுப்பு காரணம் என்று 2015-இல் தெரிந்தது. அதைப் பிடித்தது, அக்கம்பக்கத்துச் சாதனங்களிலிருந்து வரும் குறுக்கீட்டைத் தனியாகப் பதிவு செய்ய வைத்திருந்த கருவிதான்.

அப்புறம் வருமானம். இந்தத் துறையை மட்டும் நம்பி வேலையை விடாதீர்கள். மாதச் சம்பளத்தோடு கூடிய பதவிகள் மிகக் குறைவு, அவற்றுக்கும் பெரும்பாலும் உளவியலிலோ இயற்பியலிலோ முறையான பட்டம் கேட்பார்கள். பரபரப்பான வீடியோக்களை நம்பிப் பிழைப்பு நடத்த ஆரம்பித்தால், சாதாரண விளக்கம் கிடைக்கும் ஒவ்வொரு முறையும் உங்களுக்கு நஷ்டம், அப்போது அந்த விளக்கத்தைத் தேடவே மனம் வராது.